கட்டின் மேல் ஈரக்கை

9 நவம்பர் 1981

பள்ளிக்கூடம் விட்டுத் திரும்பும் வழியில் சேற்றில் வழுக்கி வலது கணுக்கால் போய்விட்டது. ஜமுனாமரத்தூரே நின்று வேடிக்கை பார்த்தது. எலும்பு கட்டும் வேடியப்பன் வந்தான். முட்டை வெள்ளைக்கருவில் உளுத்தம் மாவைக் குழைத்துப் பூசி, மூங்கில் பத்தை வைத்துக் கட்டினான்.

"மூணு வாரம் தண்ணி படக்கூடாது வாத்தியாரே. பட்டா நான் பொறுப்பில்ல."

ஐந்து வேளை கால் கழுவித் தொழுகிறவனிடம் சொல்கிற பேச்சு!

வழி இருக்கிறது. மற்ற உறுப்புகளைக் கழுவி, கட்டின் மேல் ஈரக்கையால் தடவி, சுத்தமான மண்ணில் கை தட்டித் தயம்மும் செய்தால் தொழுகைக்கு முன் செய்யும் சுத்தம், அந்த ஒளு, நிறைவேறும். மாலைத் தொழுகையான அசரை உட்கார்ந்தபடி தொழுதேன். யாரையும் கூப்பிடவில்லை.

12 நவம்பர்

சந்தை நாள். வாணியம்பாடியிலிருந்து பஸ்ஸில் வரும் வியாபாரிகள் ஐந்து பேரும் வழக்கம்போல் மதியத் தொழுகையான லுஹருக்கு என் அறைக்கு வந்தார்கள். உட்கார்ந்தே தொழவைத்தேன்.

வாணியம்பாடியில் எங்கள் தெருப் பள்ளிவாசலில் இருநூறு பேருக்கு முன்னால் நின்று தொழவைத்தவன் நான். "ஓதறது நல்லாத்தான் கீது, வாய்தான் நீளம்" என்று சொல்லி என்னை விலக்கியவர் பள்ளிவாசலை நிர்வகிக்கும் முத்தவல்லி சனாவுல்லா. என் மனைவி ரபியாவின் அண்ணன். நான் மாற்றல் கேட்டு வாங்கி மலையேறினேன். அவள் அண்ணன் வீட்டிலேயே இருந்துவிட்டாள். ஆறு வருஷம். எனக்கு மிஞ்சியது இந்த ஐந்து பேர்தான். இதையும் எவனாவது பிடுங்கிப் பார்க்கட்டும்.

19 நவம்பர்

சந்தைக்கு வந்த ஐந்து பேரோடு சனாவுல்லா நேரிலேயே வந்துவிட்டார். ரபியா பார்த்துவிட்டு வரச் சொன்னாளாம்.

"இன்னா மாப்ளே, கால ஒடைச்சிக்கினு ஒக்காந்த எடத்துல இமாமத்தா?"

"கால்தான் மச்சான் ஒடிஞ்சது. தலை நல்லாத்தான் இருக்கு."

வளையல் வியாபாரி பியாரு பாய் சிரித்துவிட்டார். சனாவுல்லா சிரிக்கவில்லை.

"சரி, கட்டு கட்டறப்ப ஒனக்கு ஒளு இருந்திச்சா? மொதல்ல அத்த சொல்லு."

ஐந்து பேரும் என்னைப் பார்த்தார்கள்.

சரியான கேள்வி. அதுதான் எரிந்தது. எங்கள் ஷாஃபி வழியில், ஒளு இல்லாதபோது கட்டுப் போட்டவன் அந்தக் கட்டோடு தொழுததையெல்லாம் பிறகு திருப்பித் தொழ வேண்டும். அப்படிப்பட்டவன் பிறருக்குத் தொழவைக்கவும் கூடாது. பதினாறு வயதிலேயே படித்தவன் நான். அன்று வலியில் நினைவே வரவில்லை. பிறகு வந்தபோது, நினைக்காமல் இருந்துகொண்டேன்.

"இருந்தது" என்றேன்.

மறுபேச்சு வரும், ஆணையிடச் சொல்வார் என்று காத்திருந்தேன். அவர் சட்டைக் கையை மடித்துக்கொண்டு வெளியே போனார். ஒளு செய்துவிட்டு வந்து வரிசையில் நின்றார். என் பின்னால்!

ஆறு வருஷம் இதற்காகத்தானே காத்திருந்தேன்?

20 நவம்பர்

ஆமாம், பொய்தான். அதனாலென்ன? கேட்டவனுக்கு என்ன யோக்கியதை இருக்கிறது? என்னை விலக்கும்போது எந்த மார்க்கக் கிதாபைப் பார்த்தான்? நான் ஏன் அவன் முன்னால் தலைகுனியணும்? குனிய மாட்டேன். முடியாது.

23 நவம்பர்

ஈரக்கையைக் கட்டின் மேல் வைக்கிறபோதெல்லாம் 'இருந்தது' என்ற அந்தச் சொல் கேட்கிறது. சீ.

26 நவம்பர்

இன்று எட்டுப் பேர். பியாரு பாய்தான் காரணம் சொன்னார்: "பஸ் ஸ்டாண்டுல ஒங்க மச்சான் சொல்லிக்கினு கீறாருங்க. எங்க மாப்ள கோவக்காரன்தான், ஆனா மார்க்கத்துல பொய் பேசமாட்டான், அவன் பின்னாடி தைரியமா நில்லுங்கன்னு."

திட்டியிருந்தால் தாங்கியிருப்பேன்.

எட்டுப் பேருக்கும் தொழவைத்தேன். வேறென்ன செய்ய?

வேறு செய்ய ஒன்று இருந்தது. செய்யவில்லை.

30 நவம்பர்

கட்டைப் பிரித்தான். "எலும்பு கூடிக்கிச்சி. ஓடச் சொன்னாலும் ஓடுவீங்க" என்றான் வேடியப்பன். கணுக்கால் வெளிறிச் சுருங்கி வேறு யாருடையதோ போலிருந்தது. தண்ணீர் ஊற்றி மூன்று தரம், விரல் இடுக்கெல்லாம் கோதிக் கழுவினேன். மனசு ஆறவில்லை.

3 டிசம்பர்

தொழுகைக்கு முன்பே சொல்லிவிட்டேன். கட்டுப் போடும்போது எனக்கு ஒளு இல்லை, பொய் சொன்னேன், உங்கள் முன்னால் நிற்கும் தகுதி அப்போது எனக்கு இல்லை என்று. குரலைத் தாழ்த்தவில்லை.

பியாரு பாய் விரித்திருந்த பாயின் ஓரத்தை நீவிவிட்டார்.

"இத்த ஏன் வாத்தியாரே இப்ப சொல்றீங்க? கட்டுதான் பிரிச்சாச்சே. யாருக்குத் தெரியப்போவுது?"

"எனக்குத் தெரியுமே."

"ஒங்களுக்குத் தெரியாததா... நாங்கதான் ஒங்கள நம்பிக்கினு வந்தோம்." தொப்பியைச் சரிசெய்துகொண்டார். "இன்னிக்கு நான் முன்னாடி நிக்கறேன். மேற்கொண்டு இன்னான்னு நாங்க பேசிக்கினு சொல்றோம்."

வரிசையின் கடைசியில் நின்றேன். நின்று தொழ முடிகிறது.

அவர்கள் போன பிறகு சனாவுல்லாவுக்குக் கார்டு எழுதினேன். நாலு தடவை கிழித்து, ஐந்தாவது:

"மச்சான், கட்டுப் போடும்போது எனக்கு ஒளு இல்லை. உம்மிடம் சொன்னது பொய். என் பின்னால் நீர் தொழுத அந்த லுஹர் பற்றி ஆலிம் யாரையாவது கேட்டுக்கொள்ளும். மற்றபடி, ஆறு வருஷத்துக்கு முன் நீர் எனக்குச் செய்தது அநியாயம். அதில் மாற்றமில்லை. இந்தக் கார்டை ரபியாவிடம் படித்துக் காட்டவும்."

தபாலில் போட்டுவிட்டு வந்து, திருப்பித் தொழ வேண்டியதில் முதலாவதான, கட்டுப் போட்ட அன்றைய அசரின் நான்கு ரக்அத்தைத் தொழுதேன்.