மழைக்கு மன்னிப்பு

சிட்னி, நவம்பர் 1982

அன்புள்ள அப்பாவுக்கு,

முழங்கால் வலி தேவலையா? எனக்கு இங்கே ஒரு குறையும் இல்லை. ஒரு தொடரில் மறுபடியும் நர்ஸ் வேடம் கிடைத்திருக்கிறது. இந்த முறை இரண்டு வரி வசனம்.

வியாழக்கிழமை டிவி செய்தியில் நான் வானிலை சொன்னதைப் பார்த்தீர்களாமே. மழை என்றால் வருத்தம் தெரிவிப்பதுதான் இந்த ஊர் வழக்கம். "முகத்தைக் கொஞ்சம் தொங்கப் போட்டுக்கம்மா லொரெய்ன், சனிக்கிழமை கிரிக்கெட் போச்சுல்ல" என்றார் தயாரிப்பாளர் கெவின். நானும் உதட்டைப் பிதுக்கி, "மன்னிச்சுக்குங்க, சிட்னிக்கு மழை வருது" என்றேன். நன்றாக நடித்தேன் என்று எல்லோரும் சிரித்தார்கள்.

அம்மா போனில் சொன்னாள்: "உங்கப்பா டிவியை அணைச்சுட்டு, காஞ்ச குட்டைகிட்டப் போய் நின்னாருடி."

மழையில்லாமல் செத்த ஆடுகளை நீங்கள் குழியில் தள்ளிய வாரத்தில் நான் அதைச் சொல்லியிருக்கக் கூடாது, அப்பா.

என் பழைய மழைக்கோட்டு கொல்லைக் கதவு ஆணியிலேயே தொங்கட்டும்; யாருக்கும் கொடுத்துவிடாதீர்கள். ஒப்பனைக்குக் கூப்பிடுகிறார்கள். நம் ஊர் கோபாரில் மழை வந்தால் எனக்குப் போன் போடுங்கள். பேச வேண்டாம். ரிசீவரைத் தகரக் கூரைப் பக்கம் கொஞ்ச நேரம் தூக்கிப் பிடித்தால் போதும்.

உங்கள் மகள்
லொரெய்ன்