கூரையைப் பிரித்தவர்களுக்கு ஒரு நாற்காலி

கும்மிடிப்பூண்டி
20-5-1974

அன்பு மகள் மேரிக்கு அப்பா பாக்கியநாதன் எழுதிக்கொள்வது. ஆண்டவர் கிருபையில் இங்கே நான், உன் அம்மா, அம்மாவின் கோழிகள் எல்லாரும் சுகம், அங்கே நீயும் உன் இருமலும் எப்படி, இருமல் போய்விட்டது நான் மட்டும் இருக்கிறேன் என்று பதில் வந்தால் சந்தோஷம். முதலில் ஒன்றை நானே ஒத்துக்கொண்டு விடுகிறேன், இல்லாவிட்டால் உன் அம்மா ஓரத்தில் நுணுக்கி எழுதிவிடுவாள். போன கிறிஸ்துமஸுக்கு நீ அவளுக்கு அனுப்பினாயே ரோஸ் கலர் கம்பளிச் சட்டை, பூப்போட்ட பொத்தான் வைத்தது, அதைப் போட்டுக்கொண்டுதான் இதை எழுதுகிறேன். இந்த வைகாசி வெயிலில். கம்பெனிக்கும் அதோடுதான் போய் வருகிறேன். கேட்டில் நிற்கிற வாட்ச்மேன் முனுசாமி என்னை மேலும் கீழும் பார்த்து, இன்னா நைனா, ஊட்டிக்குப் போற வண்டிய வுட்டுட்டியா என்று கேட்டான். லோடு இறக்குகிற ஆட்கள் ஒவ்வொருத்தனும் பொத்தானைத் தொட்டுப் பார்த்தாயிற்று. என்ன செய்வது, இருந்த சட்டையில் ஒன்று கிழிந்துபோயிற்று, ஒன்று சாம்பல் தண்ணீரில் ஊறிக் கரிச்சட்டி துடைக்கிற துணியாகிவிட்டது, இதை மட்டும் அம்மா பிளாஸ்டிக் பையில் சுற்றிப் பெட்டிக்குள் வைத்திருந்ததால் தப்பியது. பயப்படாதே கண்ணு, யாருக்கும் ஒன்றும் ஆகவில்லை. நம் வீட்டுக்குக் கூரை இல்லை, அவ்வளவுதான்.

உன் கடிதம் வந்தது, அம்மாவுக்கு வாசித்துக் காட்டினேன், முடித்ததும் முதலிலிருந்து படி என்றாள். அந்த ஊரில் நம் தமிழ் ஆட்கள் சேர்ந்து சங்கம் வைத்திருப்பதும் பொங்கலுக்கும் கிறிஸ்துமஸுக்கும் ஒரு ஹாலில் கூடிச் சாப்பிடுவதும் சந்தோஷம். இப்போது உன் ஆஸ்பத்திரி ரோட்டில் குடியிருக்கிற வெள்ளைக்காரர்கள் கமிட்டி போட்டு, லாரிகள் பறக்கிற அந்த ரோட்டைக் கடக்கக் கோடும் விளக்கும் வேண்டும் என்று முனிசிபாலிடியில் கேட்கப் போகிறார்கள், நர்ஸ் ஹாஸ்டலிலிருந்தும் ஒருத்தி வந்து உட்கார்ந்து பேச வேண்டும் என்று உன்னைக் கூப்பிட்டிருக்கிறார்கள். உன் கூட்டாளி பூமா அந்த ரோட்டில்தான் அடிபட்டுக் காலில் கட்டோடு கிடக்கிறாள். ஆனால் சங்கத்துப் பெரியவர், நம் திருவள்ளூர்க்காரர் பாஷ்யம் சார், வேண்டாம்மா, நாம வந்தவா, இது அவா ஊர், வாயைத் திறக்காம வேலையைப் பார்த்துண்டு இருக்கறதுதான் நல்லது என்று தடுத்துவிட்டார். அவரைக் குறை சொல்ல மாட்டேன், அவர் வீட்டு ஜன்னலில் ஒரு தடவை கல் விழுந்தது என்று நீயே எழுதியிருந்தாய். மாதக் கடைசிக்குள் நீ பதில் சொல்ல வேண்டுமாம், போகட்டுமா வேண்டாமா அப்பா நீயே சொல் என்று என் தலையில் கட்டிவிட்டாய். மூன்றாம் வகுப்பில் வாத்தியார் கேட்ட கேள்விக்கு ஜன்னல் வழியாகக் குதித்து ஓடினவனிடம் கேட்கிற கேள்வியா இது. ஆனாலும் போன வாரம் இங்கே நடந்ததைச் சொல்லுகிறேன், அதில் பதில் இருந்தால் எடுத்துக்கொள்.

நீ கப்பல் ஏறின பிறகு ஏரிக்கரைப் பக்கம் பர்மாக்காரர்கள் வந்து குடிசை போட்டார்கள். பர்மாக்காரர்கள் என்றால் நம்மைப் போலத் தமிழ் ஜனங்கள்தான், பாட்டன் காலத்தில் அங்கே பிழைக்கப் போனவர்கள், அங்கே இருக்க விடவில்லை என்று கப்பலில் திரும்பி வந்து முகாம் முகாமாய்ச் சுற்றிக் கடைசியில் நம் ஊருக்கு வந்தவர்கள். வந்ததும் ஒரு சங்கம் வைத்தார்கள். செக்ரெட்டரி ஒரு பொம்பிளை, முத்தம்மா என்று பேர், சாயங்காலத்தில் ஸ்டேஷன் பக்கம் வண்டி போட்டு நூடுல்ஸ் மாதிரி ஒன்றைப் பிசைந்து விற்கிறாள், உன் அம்மா முகத்தைச் சுளித்துக்கொண்டே இரண்டு தட்டு சாப்பிட்டாள். அந்தச் சங்கத்து ஆட்கள் வீட்டுக்கு வீடு வாசலில் ஒரு நீளமான துறட்டி, ஒரு கழியில் கட்டின சாக்குத் தட்டி, ஒரு பானை தண்ணீர் வைத்தார்கள். பர்மாவில் அதுதான் வழக்கமாம். நம் தெருவே சிரித்தது. டீக்கடை துளசிராமன், மாங்கா மரமே இல்லாத ஊர்ல தொரட்டி வச்சுக்கினு இன்னாத்த பறிக்கப் போறாங்க என்பான், நானும் சேர்ந்துகொண்டு, நெலாவ என்பேன். ஊர்த் தண்ணீருக்குக் கமிட்டி இருக்கிறது பார், அதில் எங்கள் பக்கத்திலிருந்து ஓர் ஆள் வேண்டும் என்று முத்தம்மா பஞ்சாயத்துக்கு வந்து கேட்டாள். பிரசிடெண்ட் வரதன், வந்தவங்க மொதல்ல வேர் வுடட்டும், அப்பால பார்க்கலாம் என்றார். அவள் வாசற்படியில் நின்றபடியே கேட்டுவிட்டு நின்றபடியே போய்விட்டாள்.

போன வாரம் உச்சி வெயிலில், எனக்கு ஷிப்ட் இல்லை, கூழ் குடித்துவிட்டுப் படுத்திருந்தேன். துளசிராமன் அடுப்புப் பொறி அவன் கடைக் கீற்றில் பிடித்தது. மேல்காற்று. கடை போயிற்று, பின்னால் இருந்த வீடு போயிற்று, அதற்கடுத்தது எரிய ஆரம்பித்தது, அதற்கடுத்தது நம் வீடு, நம் வீட்டைத் தாண்டினால் மாதா கோயில் வரைக்கும் ஒன்றோடு ஒன்று ஒட்டின கூரை. நாங்கள் குடத்தைத் தூக்கிக்கொண்டு ஒருவர்மேல் ஒருவர் மோதிக்கொண்டிருந்தோம். அப்போது ரோட்டுக்கு அந்தப் பக்கத்திலிருந்து பர்மாக்காரர்கள் துறட்டிகளோடு ஓடி வந்தார்கள். அவர்கள் வீட்டுக்கு ஆபத்தே இல்லை, நடுவில் ரோடு இருக்கிறது. வந்தவர்கள் எரிகிற வீட்டை விட்டுவிட்டு நேரே நம் கூரையில் துறட்டியை மாட்டினார்கள். எனக்கு எப்படி இருக்கும். ஓடிப்போய் மூங்கிலைக் கட்டிப் பிடித்துக்கொண்டு, என் ஊடு எரியலடா, எரியற ஊட்டைப் போய்ப் பாருங்கடா என்று கத்தினேன். முத்தம்மா, அது போயிருச்சுண்ணே, எரியாததத்தான் இப்ப இழுக்கணும், கைய விடுங்க என்றாள். நான் விடவில்லை. உன் அம்மா என்ன சொன்னாள் தெரியுமா, அந்தாள் வுட மாட்டாரு, அவரையும் சேத்து இழும்மா என்றாள். இழுத்தார்கள். கூரையும் நானும் ஒன்றாகத்தான் தரைக்கு வந்தோம், சட்டை கிழிந்தது அங்கேதான். கீற்றையெல்லாம் தூர வாரிப்போட்டார்கள், நம் வீட்டுச் சாமான்மேல் தண்ணீரைக் கொட்டினார்கள், பறந்து வந்த பொறியைச் சாக்குத் தட்டியால் அடித்தார்கள். நெருப்பு நம் மொட்டைச் சுவர் வரைக்கும் வந்து, மேலே பிடிக்க ஒன்றும் இல்லாமல் நின்றுபோயிற்று. அதற்கு அப்பால் ஒரு கூரைகூடக் கருகவில்லை. நான் நம் கூரையின் நடுவே உட்கார்ந்து அதைப் பார்த்தேன்.

மறுநாள் பஞ்சாயத்து ஆபீசில் கூட்டம். வரதன் மாலை வாங்கி வைத்திருந்தார், நல்ல மாலைதான், ஜரிகை போட்டது. முத்தம்மா வாசற்படியிலேயே நின்றுகொண்டு, மாலை எதுக்குங்க, தண்ணிக் கமிட்டியில எங்களுக்கு ஒரு எடம் வேணும், உங்க தெருவுலயும் வீட்டுக்கொரு தொரட்டி வைக்கணும், எங்க ஆளுங்க சொல்லித் தருவாங்க என்றாள். பின்னாலிருந்து ஒருத்தன், மாலையே பெரிசு, நாற்காலியும் வேணுமாமா என்று முணுமுணுத்தான். எனக்கு எங்கிருந்து வந்ததோ, எழுந்துவிட்டேன், இந்த ரோஸ் சட்டையோடு. எழுந்ததுமே பாதிப் பேர் சிரித்துவிட்டார்கள். சிரித்து முடிக்கட்டும் என்று நின்றேன். பிறகு, கூரையில்லாத ஆளு சொல்றேன், இந்தம்மா நேத்து நம்ம கிட்ட கேட்டுக்கினு நின்னிருந்தா நீங்கல்லாம் இன்னிக்கி எங்கூட வானத்தப் பாத்துக்கினு படுத்திருப்பீங்க, ஒரு நாற்காலி போடுங்கப்பா என்றேன். பிறகு துளசிராமன், கடையே போனவன், தான் உட்கார்ந்திருந்த நாற்காலியைத் தூக்கிக்கொண்டு போய் அவள் பக்கத்தில் வைத்தான். வரதன் கமிட்டியில் அவள் பேரைச் சேர்த்துவிட்டு மாலையைத் தன் கழுத்திலேயே போட்டுக்கொண்டார், காசு கொடுத்து வாங்கினது வீணாகக்கூடாது அல்லவா.

மேரி, அந்த ரோட்டில் விழுந்தவர்களுக்குக் கட்டுப் போடுகிறவள் நீ. எந்த வளைவில் லாரி வருவது தெரியாது, எந்த நேரத்தில் ஆள் விழுகிறான் என்று அந்தத் தெருக்காரர்களைவிட உனக்குத் தெரியும். அதைத் தெரிந்துவைத்துக்கொண்டு ஹாலில் உட்கார்ந்து பாயசம் மட்டும் சாப்பிட்டால் பாயசம் இறங்குமா. போ. பாஷ்யம் சாரிடம் சண்டை பிடிக்காதே, முடிந்தால் அவரையும் கூட்டிக்கொண்டு போ, இரண்டு பேராகப் போனால் உனக்கும் அவருக்கும் பயம் குறையும். எனக்கும் பயம்தான், நீ அவ்வளவு தூரத்தில் இருக்கிறாய், கல் விழுந்தால் ஓடி வர என்னால் ஆகாது. ஆனால் கூப்பிட்டிருக்கிறார்களே, அதுவே பெரிசு, முத்தம்மாவைக் கூப்பிட எங்களுக்கு ஒரு தெரு எரிய வேண்டியிருந்தது. முதல் நாள் இங்கிலீஷ் தடுமாறினால் தடுமாறட்டும், தப்பாக ஏதாவது சொன்னால் சிரிப்பார்கள், சிரித்து முடிக்கட்டும் என்று நில், அந்த வித்தை நம் குடும்பத்துக்கு வரும்.

கூரை வேலைக்கு ஆரணியிலிருந்து கீற்று வருகிறது, பர்மாக்காரர்களே வந்து வேய்ந்து தருகிறோம் என்கிறார்கள், இதற்காக நீ ஒன்றும் அனுப்ப வேண்டாம். மாதா உன்னைக் காப்பாளாக, உன் கைபட்ட நோயாளிகள் எல்லாம் நடந்து வீட்டுக்குப் போகட்டும், பூமா கால் சீக்கிரம் கூடட்டும். காலுறை போடாமல் தரையில் நடக்காதே. மறக்காமல் கமிட்டிக்குப் போய்விட்டு எழுது. அம்மாவுக்கு வேறு கம்பளிச் சட்டை அனுப்பு, இது என் உடம்புக்கு விரிந்துவிட்டது.

உன் அன்பு அப்பா,
பா. பாக்கியநாதன்

பி.கு.: நம் தெருவுக்கு நேற்றுதான் முதல் துறட்டி ஒத்திகை. அதே நேரத்தில் பஞ்சாயத்து ஆபீஸ் வாசல் பந்தலில் தண்ணீர்க் கமிட்டிக் கூட்டம் நடந்துகொண்டிருந்தது. பக்கத்திலிருக்கிற பழைய மாட்டுக்கொட்டகையைப் பிரிக்கச் சொன்னார்கள். என் துறட்டி பந்தலில் மாட்டியது. இழுத்தேன். வரதனைக் கீற்றுக்கு அடியிலிருந்து எடுத்தோம், சுகமாக இருக்கிறார். மீதிக் கூட்டம் வெயிலில் நடந்தது. முத்தம்மா நாற்காலியை விட்டு எழுந்திருக்கவில்லை.