குளத்துக்கரையில் வாங்கிய சம்மதம்

அன்புள்ள மதினிக்கு,

இரண்டு தெரு தள்ளி இருந்துகொண்டு கடிதம் எழுதுகிறேன். நேரில் வர எனக்கு முகம் இல்லை.

நம் ஊராட்சியைத் தூத்துக்குடி மாநகராட்சியோடு சேர்க்கக் கிராமசபையில் ஊரே சம்மதித்துவிட்டதாம். கூட்டமே நடக்கவில்லை. நான் தலைவியாக இருந்த காலம் முடிந்தபின் வந்த தனி அலுவலர் இந்தப் பக்கம் எட்டிப் பார்த்ததுகூட இல்லை. கிளார்க்தான் குளத்துக்கரைக்குப் போய், நூறு நாள் வேலையில் மண் வெட்டிக்கொண்டிருந்த பெண்களிடம் ஒன்றும் எழுதாத தீர்மான நோட்டை நீட்டிக் கையெழுத்து வாங்கியிருக்கிறான். தீர்மானத்தைப் பிறகு மேலே எழுதிக்கொண்டான். மாநகராட்சியாகிவிட்டால் அந்த வேலையே கிடையாது. உப்பளம் மூடிக் கிடக்கும் மழை மாதங்களில் அவர்களுக்கு வேறு என்ன இருக்கிறது? தூ!

நேற்று அலுவலகத்துக்குப் போய்ச் சத்தம் போட்டேன். அவன் பல்லைக் காட்டினான்.

"ஆளு கூடலைன்னா வேல நடக்குத எடத்துக்கு நோட்டக் கொண்டு போலேன்னு சொன்னது நீங்கதானக்கா?"

என் காலத்து நோட்டை எடுத்துப் போட்டான். பக்கம் பக்கமாக அதே பெண்களின் கையெழுத்து. அப்போது வார்டு உறுப்பினராக இருந்த உங்கள் பெயருக்கு நேரே மட்டும் வெற்றிடம். "மேல என்ன எழுதப் போறன்னு தெரியாம நான் போட மாட்டேம்ளா" என்று அன்று சொன்னீர்கள். ஊரைக் கெடுக்க வந்தவள் என்று எல்லார் முன்னாலும் உங்களை ஏசினேன்.

திங்கட்கிழமை கலெக்டரிடம் மனு கொடுக்கிறோம். முதல் கையெழுத்து என்னுடையதாக இருந்தால் சிரிப்பார்கள். உங்களுடையது வேண்டும். மனுவை முழுதாக எழுதி இத்துடன் வைத்திருக்கிறேன்.

படித்துப் பார்த்துவிட்டுப் போடுங்கள்.

இப்படிக்கு,
அன்று உங்களைப் பேசவிடாதவள்