அக்கா என்று கூப்பிட்ட வினை

செவ்வாய், இரவு.

ஆபீஸில் ஒரே ஒரு பதவி உயர்வு. நானும் ஸ்டெல்லாவும் போட்டி. ஒரே நாளில் வேலைக்குச் சேர்ந்தவர்களில் வயதில் மூத்தவருக்குத்தான் என்பது விதி. எங்கள் குப்பத்துப் பிள்ளைகளை ஒன்றாகப் பள்ளியில் சேர்த்த வாத்தியாரோ எல்லாருக்கும் ஒரே பிறந்த தேதியைப் போட்டுவிட்டார். மேனேஜர் திருதிருவென்று விழித்தார்.

ஸ்டெல்லா சிரித்தாள். "இதுல இன்னா சார் யோசனை? இத்தினி வருசமா அவ என்னை அக்கானுதானே கூப்புடுறா?"

இளமையாகத் தெரியவேண்டுமே என்று நான் ஆரம்பித்த பழக்கம் அது!

வீட்டுக்கு வந்ததும் நைனாவிடம் கேட்டேன். "ஏரி கடல்ல சேர்ற முகத்துவாரம் மண்ணடிச்சு மூடிக்கினப்போ நீ பொறந்த. அது தொறந்தப்புறம்தான் அவ பொறந்தா" என்றார்.

நாளை நைனாவை ஆபீஸுக்கு அழைத்துப்போய்ச் சொல்லவைக்கலாம். பதவி கிடைத்துவிடும். ஆனால் அந்த ராட்சசி அப்புறம் ஆபீஸே கேட்கும்படி என்னை அக்கா என்று கூப்பிடுவாளே!