சாவைச் சொல்ல வருகிறவள்

இன்று காலை ஒர்க்‌ஷாப்பில் காரை விட்டிருந்தேன். சீட்டுக்கடியில் கையை விட்டுத் துழாவிய மெக்கானிக் ஒரு சிடியை எடுத்து நீட்டினார்.

"அக்கா, இது உங்களோடதா? நல்ல பாட்டா?"

உன் ஓபரா சிடி. பாட்டுதான், ஆனால் கேட்டால் நீங்கள் ஓடிவிடுவீர்கள் என்று அவரிடம் சொன்னேன். எனக்கே அது பிடித்ததில்லை, உனக்குத் தெரியும்.

பிரிக்பீல்ட்ஸிலிருந்து கிள்ளானில் உன் அம்மா வீட்டுக்குப் போகும் வழியெல்லாம் அதைப் போட்டு என் உயிரை வாங்குவாய். ஒரே கல்லூரியில் நான் கணக்கும் நீ பழைய கிரேக்க நாடகமும் கற்பித்தோம். கிரேக்கர்கள் நாடகத்தை முழுக்கப் பாடியே நடித்தார்கள் என்று இத்தாலியில் சிலர் நம்பியதில்தான் ஓபரா என்ற பாட்டு நாடகம் பிறந்தது என்பாய். "நெசத்துல அவங்க நாடகத்துல பாதி வெறும் பேச்சுடி. தப்பா புரிஞ்சிக்கிட்டதால வந்த பாட்டு லா இது!" என்று, பெற்ற பிள்ளையின் குறும்பைச் சொல்வதுபோலச் சிரிப்பாய். அதைப் பற்றித்தான் புத்தகமும் எழுதிக்கொண்டிருந்தாய்.

அந்த சிடியில் ஓர் இடம் வரும். நாயகியின் சாவை மேடையில் காட்டமாட்டார்கள். தோழி ஒருத்தி வந்து சொல்வாள். கிரேக்க நாடகத்திலிருந்து வந்த வழக்கம். கூட்டரசு நெடுஞ்சாலை நெரிசலில் நான் பொறுமை இழந்தேன்.

"அவ செத்துட்டான்னு சொல்லிட்டா முடிஞ்சிச்சி. ஏன்டி இந்த இழு இழுக்கிறா?"

நீ சத்தத்தைக் குறைத்தாய். "சொல்லிட்டு அப்படியே போயிடக் கூடாதுடி. காலையிலேர்ந்து ஆரம்பிக்கணும். பூப் பறிச்சது, சிரிச்சது எல்லாம் சொல்லணும். சொல்லிக்கிட்டு இருக்கிற வரைக்கும் அவ உயிரோட இருக்கா."

அன்று உன்னைக் கேலி செய்தேன்.

போன ஆண்டு நீ வகுப்பில் மயங்கி விழுந்து, மருத்துவமனையில் கண்ணை மூடியபோது பக்கத்தில் நான்தான் இருந்தேன். சிங்கப்பூரிலிருந்து உன் அண்ணன் போனில் உடைந்துபோனார். "அம்மாகிட்ட நீங்களே போய் சொல்லிடுங்கம்மா. என்னால முடியாது." கிள்ளான் போய்ச் சேரும்வரை எனக்கு உன்மேல் கோபம்தான். எப்படிப்பட்ட வேலையை என் தலையில் கட்டிவிட்டுப் போனாய்!

அம்மா கதவைத் திறந்து எனக்குப் பின்னால் எட்டிப் பார்த்தார், நீ காரைப் பூட்டிவிட்டு வருவாய் என்று.

சொன்னேன். அதன் பிறகு எழுந்து போகவும் முடியவில்லை, சும்மா உட்காரவும் முடியவில்லை. காலையிலிருந்து ஆரம்பித்தேன். பிரிக்பீல்ட்ஸ் கடையில் தோசை சாப்பிட்டது, சட்னியில் உப்பே இல்லை என்று நீ கடைக்காரரிடம் சண்டைக்குப் போனது, அவர் கொண்டுவந்த புதுச் சட்னியையும் குறை சொன்னது. அம்மா அழுகைக்கு நடுவே சிரித்துவிட்டார். "அவ அப்படித்தாம்மா."

இப்போதும் ஞாயிற்றுக்கிழமைகளில் போகிறேன். டீயை வைத்துவிட்டு, "அன்னைக்கு காலையில என்ன சாப்பிட்டா?" என்று கேட்கிறார். தோசையிலிருந்து மறுபடியும் சொல்கிறேன். நீ கைப்பையை மாட்டிக்கொண்டு வகுப்புக்குள் நுழையும் இடம் வரும்போது அம்மா என் கையைப் பிடித்து நிறுத்துகிறார்.

"போதும்மா. மிச்சத்த அடுத்த வாரம் சொல்லு."