வெள்ளிக்கிழமை வெள்ளைப் பாவாடை

என் வாயாடி மகளுக்கு,

அடுத்த வெள்ளிக்கிழமை உன் நாடகம் நம் சல்வடோர் நகருக்கே வருகிறதாம்! சந்தைச் சுவரில் ஒட்டிய நாடகச் சுவரொட்டியில், மஞ்சள் பட்டும் மணிமாலையுமாய் நீ நம் நதித் தெய்வம் ஓஷும் தாயாகவே நிற்கிறாய். மீன் வாங்குகிற சாக்கில் தினமும் போய்ப் பார்க்கிறேன். வீட்டில் தினமும் மீன்தான்.

நம் தெய்வங்களை மேடையேற்றியே தீருவேன் என்று நீ கிளம்பியதிலிருந்து உன் அம்மா, அவற்றை ஏற்காத கிறிஸ்தவ சபையே கதியென்று கிடக்கிறாள். உன் பேரை எடுத்தால் வானொலியைச் சத்தமாக வைப்பாள். அதை விடு. இன்று காலை நடந்ததைக் கேள்.

நம் ஓஷலா தெய்வத்துக்காக ஊரே வெள்ளை உடுத்தும் வெள்ளிக்கிழமையில், சபையில் சேர்ந்த பிறகு அவள் வெள்ளைத் துணியைத் தொட்டதே இல்லை. இன்று பார்த்தால் வெள்ளைப் பாவாடைக்கு இஸ்திரி போட்டுக்கொண்டிருக்கிறாள்!

"என்னடி இது?"

"மத்த துணியெல்லாம் ஈரம்."

"வெயில் மண்டையப் பொளக்குது. எல்லாமே ஈரமா?"

"மீன் நாத்தம் புடிச்ச ஆளு என்னைக் கேள்வி கேக்க வேணாம்."

நான் என் சட்டையை முகர்ந்து பார்த்தேன். குனிந்த தலை நிமிராமல் அவளே சொன்னாள்:

"அந்த மஞ்சப் பட்டு இடுப்புல தொளதொளன்னு இருக்கு. எவ தைச்சாளோ! அடுத்த வெள்ளிக்கிழம ஊசி நூல் எடுத்துட்டுப் போகணும்."

சந்தைக்குப் போவது நான்தானே, இவள் எப்போது போய்ப் பார்த்தாள்?

முன் வரிசையில் இரண்டு இடம் வை, மகளே. அம்மா ஊசியோடு வந்து நின்றால் சிரித்துவிடாதே, இடுப்பை மட்டும் காட்டு. சிரிக்கிற வேலையை நான் பார்த்துக்கொள்கிறேன்.

மீன் தின்று அலுத்த
உன் அப்பா