கைக்குத் திரும்பிய அரிசி

அடி அண்ணாமலை
12.12.2009

பேத்தி அறிவுமதிக்கு ஆயா எழுதிக்கொள்வது. உடம்பு ஏதோ இருக்கிறது.

உன் அப்பன் வளவன் செத்த அன்று வீட்டுக்குள் வந்து வாய்க்கரிசி போட்டவர்கள்: உன் அம்மா கஸ்தூரி, அத்தை தனம், அவள் புருஷன் சகாதேவன், எதிர்வீட்டு ராணியம்மாள், கடைசியில் நான். மதார் சாகிப் வாசலில் நின்று மாலை கொடுத்தார். நாலரை வருஷத்தில் ஒரு பெயர் எனக்குத் தப்பவில்லை. உன் சித்தப்பன் காசி மட்டும் வரவில்லை. கூடப்பிறந்தவன் பிணத்துக்கு வராதவன் எனக்குப் பிள்ளையே இல்லை என்று ஊர் கேட்கச் சொன்னேன். போன ஆடியில் வேங்கிக்காலில் அவன் செத்தபோதும் போகவில்லை. தனம் வந்து காலைப் பிடித்து அழுதாள். நான் எழுந்திருக்கவே இல்லை.

நீ செய்த படத்தை சாகில் தன் கம்ப்யூட்டர் கடையில் போட்டுக் காட்டினான். இண்டர்நெட்டில் யார் யாரோ போட்டுவைத்த வீடியோவைப் பொறுக்கி ஒட்டியதாம். எவர் வீட்டுக் கல்யாணமோ, எந்த ஊர் வெள்ளமோ. நடுவில் நம் தெரு. மாடி ரூமில் இருந்த வெள்ளைக்காரன் எடுத்தது. ஒரு வார்த்தை கேட்காமல் எடுத்தான், அதையும் நான் மறக்கவில்லை. பாடையை நீ பின்பக்கமாக ஓட்டியிருக்கிறாய். உன் அப்பன் வீட்டுக்குத் திரும்பி வருகிறான். ஜெர்மனியிலிருந்து வர முடியாமல் போன பெண் வேறென்ன செய்வாள்? உன்னைத் திட்டவில்லை.

ஆனால் தண்ணீர்த் தொட்டி ஓரம் ஒரு ஆள். தரையில் கிடக்கிற அரிசி எழும்பி அவன் கைக்குள் போகிறது. கையை மூடிக்கொண்டு பின்னாலேயே நடந்து போய்விடுகிறான். ஏழு தடவை வைத்திருக்கிறாய். சாகில்தான் சொன்னான்: “ஆயா, இது திருப்பி ஓட்றது. அவரு அரிசியோட வந்துட்டு, உள்ள வராம கீழ உட்டுட்டுப் போயிட்டாரு.”

இடது தோள் சாய்ந்த நடை. உன் அப்பன் செத்த வருஷம் பொங்கலன்று அண்ணன்மேல் கை வைத்ததற்காக, இனி இந்த வாசப்படி மிதிக்காதே என்று காசியிடம் சொன்னவள் நான்தான்.

கண்ணு, நீ ஒட்டுகிறவள். அந்த ஆள் வேறு ஊர், வேறு யார் சாவுக்கோ வந்தவன், நான்தான் கொண்டுவந்து நம் தெருவில் ஒட்டினேன் என்று ஒரு வரி எழுது. பொய்யானாலும் எழுது. எழுத்துக்கூட்டி நானே படித்துக்கொள்வேன்.

நீ நன்றாக இரு. படத்தை மாற்றாதே, அரிசி அவன் கையிலேயே இருக்கட்டும்.

ஒருவரை மட்டும் நான் மன்னிக்க மாட்டேன். பெயர் கீழே இருக்கிறது.

ஜோதியம்மாள்